மாசத் தவணை எவ்வளவு என்று மட்டும் கேட்டால் மாட்டிக்கொள்வோம்

வீட்டு லோன் வாங்கப் போகிறவர்கள் முதலில் கேட்பது "மாசம் எவ்வளவு வரும்?" என்றுதான். பில்டர் ஆபீஸில் உட்கார்ந்திருக்கும் லோன் ஏஜென்ட்டுக்கும் இது நன்றாகத் தெரியும். அதனால்தான் அவர் கால்குலேட்டரைத் தட்டி ஒரே ஒரு எண்ணைக் காட்டுகிறார். அந்த எண் நம் சம்பளத்துக்குள் அடங்கினால் "சரி, சமாளிச்சிடலாம்" என்று கையெழுத்துப் போட்டுவிட்டு வருகிறோம். எத்தனை மாதம், மொத்தம் எவ்வளவு, அதில் வட்டி எவ்வளவு என்ற கேள்விகளை அன்றைக்கு யாரும் கேட்பதில்லை. நானும் கேட்கவில்லை.

50 லட்ச ரூபாய்க்கு ஒரு பழைய வீடு, அதற்கு 40 லட்சம் கடன், எட்டரை சதவீத வட்டி, 20 வருடம் என்று வைத்துக்கொள்ளுங்கள். தவணை மாதம் சுமார் 34,700 ரூபாய். 240 மாதமும் ஒழுங்காகக் கட்டி முடிக்கும்போது கையை விட்டுப் போயிருப்பது 83 லட்சத்துக்கு மேல், அதில் வட்டி மட்டும் 43 லட்சம். எட்டரை சதவீதம் என்பது ஊர்க் கணக்கில் நூற்றுக்கு எழுபது பைசா வட்டி. அடகுக் கடையில் ரெண்டு ரூபாய் வட்டி பார்த்துப் பழகியவர்களுக்கு எழுபது பைசா ஒரு வட்டியாகவே தெரியாது. ஆனால் அடகுக் கடன் ஆறு மாதம், ஒரு வருடத்தில் முடிந்துவிடும், இது 20 வருடம் ஓடும். நம்மை அடிப்பது வட்டி விகிதத்தைவிட அது ஓடுகிற காலம்தான்.

முதல் மாதத் தவணையையே எடுத்துப் பாருங்கள். 34,700 ரூபாயில் 28,333 வட்டிக்குப் போய்விடுகிறது, அசலில் கழிவது 6,400 கூட இல்லை. முதல் வருடம் முழுக்க 4 லட்சத்து 16 ஆயிரம் கட்டியும் கடன் குறைவது 80,000 ரூபாய்க்குள்தான். 40 லட்சம் பாதியாகி 20 லட்சத்துக்கு வர 13 வருடம் 10 மாதம் ஆகும், பத்து வருடத்தில் பாதி முடிந்திருக்கும் என்றுதான் எல்லோரும் நினைக்கிறோம். வங்கி இதில் ஏமாற்றவில்லை, குறைந்து வரும் பாக்கிக்கு வட்டி போட்டால் கணக்கு இப்படித்தான் வரும். அந்த அட்டவணையை கையெழுத்துப் போடுவதற்கு முன்னால் பார்க்காமல் விடுவது நம் தவறு.

இங்கிருந்துதான் அடுத்த தவறு தொடங்குகிறது. தவணை கொஞ்சம் இடிக்கிறது என்றால் ஏஜென்ட் உடனே சொல்வது, "30 வருஷமா போட்டுக்கலாம் சார், 30,000 பக்கம் வந்துடும்." உண்மைதான், தவணை 30,757 ஆகிறது, மாதம் 4,000 ரூபாய் போல மிச்சம். ஆனால் மொத்தம் கட்டுவது 1 கோடியே 10 லட்சத்தைத் தாண்டுகிறது. அந்த மாதாந்திர 4,000-க்கு நாம் கொடுக்கும் விலை 27 லட்சம் கூடுதல் வட்டி. வேறு வழியே இல்லை, இல்லாவிட்டால் வாடகை வீட்டிலேயே இருக்க வேண்டும் என்றால் 30 வருடம் போடுங்கள், தப்பில்லை. ஆனால் சம்பளம் ஏறிய அன்றே தவணையையும் ஏற்றச் சொல்லி எழுதிக் கொடுங்கள். ஏறிய சம்பளத்தில் கார் லோன் போட்டுவிட்டு, வீட்டு லோன் தன்பாட்டுக்கு ஓடட்டும் என்று விடுகிறவர்களைத்தான் நான் அதிகம் பார்க்கிறேன்.

வட்டி ஏறும்போது என்ன ஆகிறது

பெரும்பாலான வீட்டுக் கடன்கள் மாறும் வட்டியில்தான் கொடுக்கப்படுகின்றன. 2019 அக்டோபரிலிருந்து வங்கிகள் கொடுக்கும் புதிய மாறும் வட்டிக் கடன்கள் வெளி அளவுகோல் ஒன்றோடு, பெரும்பாலும் ரிசர்வ் வங்கியின் ரெப்போ விகிதத்தோடு (வங்கிகளுக்கு அது கொடுக்கும் குறுகிய காலக் கடனுக்கான வட்டி), இணைக்கப்பட்டிருக்கின்றன. அந்த ரெப்போ 2022 மே தொடக்கத்தில் 4 சதவீதம், 2023 பிப்ரவரியில் 6.5 சதவீதம். ஒன்பது பத்து மாதத்தில் இரண்டரை சதவீதம் ஏறிவிட்டது.

2021-ல் 6.7 சதவீதத்துக்கு 40 லட்சம் வாங்கியவருக்குத் தவணை சுமார் 30,300 ரூபாய். ஒன்றரை வருடம் கட்டிய பிறகு பாக்கி முப்பத்தெட்டரை லட்சம். படிப்படியாக ஏறியதை விட்டுவிட்டு, வட்டி ஒரேயடியாக 9.2-க்குப் போனதாகக் கணக்குப் போடுவோம். அந்த மாத வட்டி மட்டும் 29,500. அதே தவணையில் அசலுக்குப் போவது 800 ரூபாய் கூட இல்லை. தவணையை ஏற்றாமல் அப்படியே விட்டால் கடன் முடிய இன்னும் 40 வருடம் ஆகும். ஒரு ரூபாய் கூடத் தவறாமல் கட்டிக்கொண்டிருக்கிறவருக்குத்தான் இந்தக் கதி!

என் கதை இவ்வளவு மோசமில்லை, ஆனால் இதே ஜாதிதான். 2017-ல் ஒரு வீட்டுக் கடன் நிறுவனத்தில் 25 லட்சம் வாங்கினேன், 20 வருடம், எட்டரை சதவீதம். 70 தவணை கட்டிய பிறகு, 2023 ஏப்ரலில், வரிக் கணக்குக்காக ஸ்டேட்மென்ட் எடுத்தேன். 240-ல் 70 போனால் 170 இருக்க வேண்டும், ஸ்டேட்மென்ட்டில் 192 மாதம் பாக்கி என்று அச்சாகியிருந்தது. பிரிண்ட் தப்பு என்றுதான் முதலில் நினைத்தேன். வட்டி ஒன்பதரைக்குப் போயிருந்தது. என்னிடம் ஒரு வார்த்தை கேட்காமல் தவணையை அப்படியே வைத்துவிட்டு மாதங்களைக் கூட்டியிருந்தார்கள். செய்தி அனுப்பினோம் சார் என்றார்கள். தேடிப் பார்த்தேன், வந்திருந்தது, புடவைக் கடை ஆஃபருக்கும் ஓடிபிக்கும் நடுவில். 22 மாதம், மாதம் 21,700 ரூபாய், நாலே முக்கால் லட்சம்.

அதைவிட எரிச்சல், அதே வாரம் அதே நிறுவனத்தில் புதிதாக லோன் கேட்டு வந்தவருக்கு என்னைவிடக் குறைந்த வட்டி சொல்லிக்கொண்டிருந்தார்கள். பழைய வாடிக்கையாளருக்கு வட்டியைத் தானாகக் குறைக்க மாட்டார்களாம், நாமே போய்க் கேட்டு, ஒரு மாற்றுக் கட்டணம் கட்டி, எழுதிக் கொடுக்க வேண்டுமாம். கேட்டேன், முக்கால் சதவீதம் குறைந்தது. ஆறு வருடம் கேட்காமல் இருந்தது என் தவறுதான்.

2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி இதற்கு விதி போட்டது. வட்டி மாறும்போது தவணை மாறுகிறதா, காலம் மாறுகிறதா என்று கடன் வாங்கியவருக்குச் சொல்ல வேண்டும், தவணையை ஏற்றுவதா காலத்தை நீட்டுவதா என்று தேர்ந்தெடுக்கும் வாய்ப்பைக் கொடுக்க வேண்டும், மூன்று மாதத்துக்கு ஒருமுறை இதுவரை கட்டிய அசல், வட்டி, மீதி இருக்கும் தவணைகள் எல்லாவற்றையும் காட்டும் கணக்கும் தர வேண்டும். அந்தக் கணக்கில் "மீதித் தவணைகள்" என்ற ஒரு வரியை மட்டும் பார்த்தால் போதும். மூன்று மாதத்தில் அது மூன்று குறைந்திருக்க வேண்டும். குறையாவிட்டால் அன்றைக்கே கேளுங்கள். 2025-ல் ரெப்போ குறையத் தொடங்கியபோதும் இதே சோதனைதான், ஏறும்போது உடனே ஏறிய வட்டி இறங்கும்போதும் இறங்கியிருக்கிறதா என்று பார்க்க வேண்டும்.

தவணைக்கு வெளியே நிற்கும் செலவுகள்

50 லட்சம் வீட்டுக்கு 40 லட்சம் லோன் என்றால் கையிலிருந்து 10 லட்சம் என்று நினைத்துக்கொள்கிறோம். தமிழ்நாட்டில் வீடு வாங்கிப் பதிய முத்திரைத்தாள் 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 2 சதவீதம், அதாவது இன்னொரு நாலரை லட்சம். 10 லட்சத்துக்கு மேல் மதிப்புள்ள வீட்டுக்குக் கடன் தொகையை முடிவு செய்யும்போது இந்தப் பதிவுச் செலவை வீட்டு விலையோடு சேர்க்கக் கூடாது என்பது ரிசர்வ் வங்கி விதி, எனவே இது முழுக்க நம் கைக்காசு. பிராசஸிங் ஃபீஸ், அதன் மேல் 18 சதவீத ஜிஎஸ்டி, லீகல் ஒப்பீனியன், மதிப்பீட்டாளர் கட்டணம், பத்திரத்தை வங்கியில் ஒப்படைத்ததற்கான பதிவு, இவையெல்லாம் தனி. கடைசி நேரத்தில் பணம் பற்றாமல் வீட்டு நகை அடகுக்குப் போகும், அந்த வட்டியும் வீட்டின் விலைதான் என்று யாரும் எழுதி வைப்பதில்லை. கப்போர்டு, கிரில், கிரகப்பிரவேசச் சாப்பாடு பற்றி நான் ஒன்றும் சொல்லப் போவதில்லை, அதில் நான் சொல்லி யாரும் கேட்கப் போவதும் இல்லை.

இன்சூரன்ஸ் விஷயத்தில் மட்டும் ஜாக்கிரதை. லோன் பேப்பரோடு பேப்பராக ஒரு ஆயுள் காப்பீட்டுப் படிவமும் வரும். ஒரே தடவை கட்டும் பிரீமியம், 1 லட்சத்து 20 ஆயிரம் என்று வையுங்கள், "கையிலிருந்து கட்ட வேண்டாம் சார், லோன்லயே சேர்த்துடறோம்" என்பார்கள். சேர்த்தால் அதற்கும் 20 வருடம் வட்டி ஓடி, கடைசியில் இரண்டரை லட்சம் கட்டியிருப்போம். குடும்பத் தலைவருக்குக் காப்பீடு வேண்டும்தான், அதை மறுக்கவில்லை. ஆனால் வீட்டுக் கடனுக்கு ஆயுள் காப்பீடு எடுத்தே தீர வேண்டும் என்று ரிசர்வ் வங்கி விதி ஏதும் இல்லை, வெளியில் தனியாக டெர்ம் பாலிசி (இறந்தால் மட்டும் குடும்பத்துக்குப் பணம் தரும் காப்பீடு) விலை விசாரித்துவிட்டு முடிவு செய்யுங்கள். கட்டாயம் என்று யாராவது சொன்னால், அதை எழுத்தில் தரச் சொல்லுங்கள். பெரும்பாலும் பேச்சு அங்கேயே மாறிவிடும்.

2024 அக்டோபரிலிருந்து புதிய வீட்டுக் கடன் ஒவ்வொன்றுக்கும் முக்கிய விவரங்களைத் தொகுத்து ஒரு தாள் தர வேண்டும், வட்டியோடு இந்தக் கட்டணங்களையும் சேர்த்து வருடத்துக்கு உண்மையில் எத்தனை சதவீதம் விழுகிறது என்று அதில் இருக்கும். இரண்டு வங்கிகளை ஒப்பிட வேண்டுமானால் விளம்பரத்தில் போட்டிருக்கும் வட்டியை விட்டுவிட்டு இந்தத் தாள்கள் இரண்டையும் பக்கத்தில் வைத்துப் பாருங்கள்.

கட்டி முடிக்காத ஃப்ளாட் வாங்குகிறவர்களுக்கு இன்னொரு குழி இருக்கிறது. வங்கி இதுவரை பில்டருக்குக் கொடுத்த தொகைக்கு வட்டி மட்டும் கட்டினால் போதும் என்பார்கள். 20 லட்சம் கொடுத்திருந்தால் மாதம் 14,000 சொச்சம். பில்டர் மூன்று வருடம் இழுத்தால் 5 லட்சம் போயிருக்கும், அசலில் ஒரு பைசா குறைந்திருக்காது, இருக்கும் வீட்டுக்கு வாடகையும் கொடுத்துக்கொண்டிருப்போம். முடிந்தால் முழுத் தவணையையே ஆரம்பியுங்கள்.

"வரி மிச்சமாகுமே?"

இந்த வார்த்தையை நம்பித் தேவைக்கு மேல் கடன் வாங்கியவர்கள் எத்தனையோ பேர். நாம் குடியிருக்கும் வீட்டுக் கடன் வட்டிக்கு வருடம் 2 லட்சம் வரை கழிவு, பழைய வரி முறையில் மட்டும். 30 சதவீத வரிக்காரருக்கு அதில் மிச்சமாவது 62,400 ரூபாய். ஆனால் நம் 40 லட்சக் கடனின் முதல் வருடத்தில் அவர் கட்டும் வட்டி 3 லட்சத்து 37 ஆயிரம்! புதிய முறைக்குப் போனால் அந்தக் கழிவும் கிடையாது. 12 லட்சம் வரை வருமானத்துக்கு வரியே இல்லை என்ற சலுகையால் நடுத்தரச் சம்பளக்காரர்கள் பலருக்குப் புதிய முறையே லாபம். அப்படியிருக்க, வரிக்காக லோனை அடைக்காமல் வைத்திருக்கிறேன் என்று இன்னும் சொல்கிறவர்கள் ஒருமுறை கணக்குப் போட்டுப் பார்க்கலாம்.

அடைப்பதிலும் நேரம் முக்கியம். நம் 40 லட்சக் கடனில் முதல் வருட முடிவில் 2 லட்சம் கூடுதலாகக் கட்டினால் 26 மாதம் குறைந்து, 7 லட்ச ரூபாய் வட்டி மிச்சமாகிறது. அதே 2 லட்சத்தை 15-ஆவது வருட முடிவில் கட்டினால் மிச்சம் 1 லட்சம் கூடத் தேறாது. ஆனால் நாம் செய்வது தலைகீழ், ஆரம்பத்தில் வீட்டு அலங்காரம், கடைசியில் பிஎஃப் பணம் வந்ததும் லோனை அடைத்த நிம்மதி. மாறும் வட்டிக் கடனைத் தனிநபர் முன்கூட்டி அடைத்தால் அபராதம் வாங்கக் கூடாது, அதனால் அந்தப் பயமும் வேண்டாம். வருடத்துக்கு ஒரே ஒரு தவணை கூடுதலாக, போனஸ் வரும் மாதத்தில் கட்டினாலே மூன்று வருடத்துக்கு மேல் குறைந்து 8 லட்சம் போல மிச்சமாகும். வருடா வருடம் தவணையை 5 சதவீதம் ஏற்றிக்கொண்டே போனால் 20 வருடக் கடன் 12 வருடம் சொச்சத்தில் முடிந்துவிடும், கடைசியில் தவணை 60,000 பக்கம் போயிருக்கும், அதையும் சொல்லிவிட வேண்டும். ஆறு மாதத் தவணைக்கான பணத்தைக் கையில் வைத்துக்கொண்டு மீதியைக் கட்டுங்கள், கட்டியதை அவசரத்துக்குத் திரும்பக் கேட்டால் பொதுவாகக் கொடுக்க மாட்டார்கள். கூடுதலாகக் கட்டும்போது "தவணை அப்படியே இருக்கட்டும், காலத்தைக் குறையுங்கள்" என்று எழுதியே கொடுங்கள். வாயால் சொன்னால் சில சமயம் தவணையைக் குறைத்துவிட்டு, மாதங்களை அப்படியே விட்டுவிடுவார்கள்.

கடன் முடிந்த பிறகும் ஒரு வேலை பாக்கி இருக்கிறது. முழுதாக அடைத்த 30 நாளுக்குள் மூலப்பத்திரங்களைத் திருப்பித் தர வேண்டும், நிறுவனத்தின் தவறால் தாமதமானால் நாள் ஒன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு, இது 2023 டிசம்பரிலிருந்து நடைமுறையில் இருக்கிறது. பத்திரம் கைக்கு வந்ததோடு நின்றுவிடாமல் சார்பதிவாளர் அலுவலகத்தில் கடன் அடைந்ததைக் காட்டும் ரசீது ஆவணமும் பதிய வேண்டும், இல்லாவிட்டால் சொத்தின் மேல் உள்ள பதிவுகளைக் காட்டும் வில்லங்கச் சான்றில் அந்தக் கடன் அப்படியே நிற்கும். எங்கள் தெருவில் ஒருவர் லோனை அடைத்துப் பல வருடம் கழித்து வீட்டை விற்கப் போனார். அட்வான்ஸ் கொடுக்க வந்தவர் வில்லங்கம் போட்டுப் பார்த்துவிட்டு, "லோன் இன்னும் நிக்குதே சார்" என்று கவரைத் திரும்பப் பைக்குள் வைத்துக்கொண்டார்.