கிரேக்கக் கிண்ணத்தில் ஆரஞ்சுக்கு என்ன வேலை? பண்டைய பாணிப் பழ சாலடில் தவிர்க்க வேண்டிய தவறுகள்

‘பண்டைய கிரேக்கப் பழ சாலட்’ என்று பெயர் சூட்டி நான் முதன்முதலாகச் செய்தது ஒரு மணி நேரத்தில் பழரசமாகிவிட்டது. விருந்தினர் வருவதற்கு முன்பே எல்லாவற்றையும் நறுக்கி, தேனைத் தாராளமாக ஊற்றிக் கிளறி, குளிர்பெட்டியில் வைத்திருந்தேன். எடுத்துப் பார்த்தால் கிண்ணத்தில் பாதி தண்ணீர். ஆப்பிள் துண்டுகள் துவண்டுபோய் மிதந்தன. அதைவிடப் பெரிய தவறு ஒன்று இருந்ததைப் பிறகுதான் உணர்ந்தேன். கிண்ணத்துக்குள் நான் போட்டிருந்த ஆரஞ்சு, கிவி இரண்டையும் பிளேட்டோ காலத்துக் கிரேக்கர் எவரும் கண்ணால்கூடக் கண்டதில்லை.

முதலில் ஓர் உண்மையை ஒப்புக்கொண்டுவிடலாம். பல பழங்களை நறுக்கி ஒரே கிண்ணத்தில் கலந்து தரும் வழக்கம் நம் காலத்துடையது. கிரேக்க விருந்தில் சாப்பாடு முடிந்ததும் மேசைகளை எடுத்துவிட்டு ‘இரண்டாம் மேசை’ வைப்பார்கள். மதுவோடு கொறிக்க அதில் வரும் பண்டங்களுக்கு ‘டிரகேமாட்டா’ என்று பெயர். அத்தி, உலர்ந்த பழங்கள், கொட்டைகள், வறுத்த பயறு எல்லாம் தனித்தனியே வரும். பிளேட்டோவின் ‘குடியரசு’ நூலில் சோக்ரடீஸ் தன் எளிய நகரத்து மக்களுக்கு அத்தி, கொண்டைக்கடலை, மொச்சை போன்ற அவரை, மிர்ட்டில் என்ற புதர்ச்செடியின் பழம், நெருப்பில் சுட்ட கருவாலிக் கொட்டை ஆகியவற்றைப் பரிந்துரைக்கிறார். கேட்டுக்கொண்டிருந்த கிளாக்கன், “பன்றிகளுக்கு நகரம் அமைத்தாலும் இதைத்தானே போடுவீர்கள்” என்ற பொருளில் எரிச்சலோடு குறுக்கிடுகிறான். கி.மு. 4ஆம் நூற்றாண்டில் வாழ்ந்த சிசிலித் தீவின் சுவைஞர் ஆர்க்கெஸ்ட்ராட்டஸும் கிளாக்கன் கட்சிதான். வேகவைத்த கடலை, ஆப்பிள், உலர் அத்தி எல்லாம் வறுமையின் அடையாளம், ஏதென்ஸ் நகரத்து மாப்பண்டம் கிடைத்தால் அதைச் சாப்பிடு என்று எழுதிவைத்துப் போனார்.

ஆகவே நாம் செய்யப்போவது அவர்கள் கையில் இருந்த பண்டங்களையும் அவர்கள் விரும்பிய சுவையையும் வைத்து நாமே கட்டும் ஒரு கிண்ணம். ‘மூவாயிரம் ஆண்டுப் பழமையான செய்முறை’ என்று விருந்தினரிடம் அளக்க வேண்டாம்.

காலம் தவறி வரும் பழங்கள்

என்ன பழங்கள் வாங்குவது என்பதற்குப் பண்டைக் கிரேக்கக் கவிஞர் ஹோமரைவிட நல்ல பட்டியல் கிடையாது. ‘ஒடிசி’யின் 7ஆம் காண்டத்தில் அல்கினூஸ் மன்னனின் தோட்டம் வருகிறது: பேரி, மாதுளை, ஆப்பிள், அத்தி, ஆலிவ், திராட்சை. 24ஆம் காண்டத்தில் இருபது ஆண்டுக்குப்பின் வீடு திரும்பிய ஒடிசியஸ், தன்னை அடையாளம் காணத் தயங்கும் கிழத் தந்தை லாயர்டீஸிடம், சின்னப் பையனாக இருந்தபோது அவர் தனக்குக் கொடுத்த மரங்களை எண்ணிச் சொல்கிறான். 13 பேரி, 10 ஆப்பிள், 40 அத்தி, 50 வரிசைத் திராட்சைக் கொடி. கணக்கைக் கேட்டதும் கிழவருக்கு முழங்கால் தளர்ந்துவிடுகிறது. என் சாலடின் விகிதத்தையும் ஏறக்குறைய இந்தக் கணக்கில்தான் வைத்திருக்கிறேன்: திராட்சையும் அத்தியும் தூக்கலாக, பேரியும் ஆப்பிளும் அடக்கமாக.

இனிப்பு ஆரஞ்சு மத்தியதரைக் கடல் பக்கம் பரவியது ஏறக்குறைய 15ஆம் நூற்றாண்டில். இன்றைய பெரிய ஸ்ட்ராபெரி, அமெரிக்கக் கண்டத்து இரண்டு இனங்கள் 18ஆம் நூற்றாண்டில் ஐரோப்பாவில் கலந்து உருவானது. கிவி சீனத்துக் கொடி. பப்பாளியும் அன்னாசியும் கொலம்பஸுக்குப் பிறகு வந்தவை. எலுமிச்சையும் அப்போது கிரேக்கச் சமையலறையில் இல்லை. அதன் உறவுக்காரியான கடாரங்காய் வகைப் பழம் ஒன்றைக் கிரேக்கத் தாவர அறிஞர் தியோபிராஸ்டஸ் அறிந்திருந்தார். ‘மீடியா நாட்டு ஆப்பிள்’ என்று அதற்குப் பெயர் சொல்கிறார். அதை உண்பதில்லை, துணிகளுக்கிடையே வைத்தால் பூச்சி அரிக்காது என்கிறார்!

அமெரிக்காவில் ஆரஞ்சும் தேங்காய்த் துருவலும் போட்டு ‘அம்ப்ரோசியா’ என்றொரு சாலட் செய்வார்கள். கிரேக்கத் தேவர்களின் உணவுப் பெயர் அதற்கு ஒட்டியிருக்கிறதே தவிர, சரக்கு முழுக்க 19ஆம் நூற்றாண்டு அமெரிக்காவினுடையது. பெயரை நம்பி அதை நகலெடுப்பது மிகப் பரவலான பிழை.

பெயர் ஒன்று, பழம் வேறு

தமிழில் எழுதும்போது இது கூடுதல் சிக்கல். நம் ஊர் அத்தி மரத்தின் அடிமரத்தில் கொத்துக்கொத்தாகக் காய்க்கும் பழம் வேறு. கிரேக்கர் கொண்டாடிய அத்தி, நாம் சீமை அத்தி என்று சொல்வது. கடைகளில் தட்டையாக அழுத்தி, நாரில் கோத்து மாலைபோல் விற்கும் உலர் அத்தி இந்த இரண்டாம் வகைதான். நாட்டு அத்தியைப் பிய்த்துப்போட்டு, “கிரேக்கர்கள் இதையா உயிராக நினைத்தார்கள்?” என்று வியப்பதில் பயனில்லை. ஏதென்ஸைச் சுற்றிய ஆட்டிகா பகுதியின் அத்தியைப் பற்றிய பெருமை அவ்வளவு. ஏதென்ஸுக்குச் சட்டம் வகுத்த சோலனின் சட்டங்களில் அத்தி ஏற்றுமதிக்குத் தடை இருந்ததாகவும், கடத்துபவரைக் காட்டிக்கொடுப்பவரிடமிருந்தே இன்று ஆங்கிலத்தில் துதிபாடியைக் குறிக்கும் ‘சைக்கோஃபன்ட்’ என்ற சொல் பிறந்ததாகவும் கிரேக்க எழுத்தாளர் புளூட்டார்க் காலத்திலேயே கதை இருந்தது.

உலர் அத்தியை அப்படியே நறுக்கிப் போடுவதும் தவறு. பற்களில் ரப்பர்போல் இழுக்கும். வெதுவெதுப்பான திராட்சைச் சாற்றில் அரை மணி ஊறவிட்டு, காம்பை நீக்கி, நான்காகக் கீற வேண்டும். ஊறிய சாற்றைக் கொட்டிவிடாதீர்கள்.

பேரிக்காயும் ஏமாற்றும். மலைப்பகுதிகளிலிருந்து வரும் நாட்டுப் பேரி கரகரவென்று நீர்க்காயாக இருக்கும். ஐரோப்பியப் பேரி பழுத்தால் வெண்ணெய். கிடைப்பது கெட்டியான வகையென்றால் தேன் கலந்த நீரில் பத்து நிமிடம் மெல்லக் கொதிக்கவிட்டால் பதத்துக்கு வரும். மது அருந்துவோருக்குப் பேரியை நிறைய நீரில் போட்டுப் பரிமாறும் வழக்கத்தை அலெக்ஸிஸின் நகைச்சுவை நாடக வரியொன்று காட்டுகிறது. அதற்காக நாமும் மிதக்கவிட வேண்டியதில்லை.

க்வின்ஸ் என்னும் பழத்துக்கு அகராதிகள் சீமை மாதுளை என்று பெயர் தருகின்றன. மாதுளைக்கும் அதற்கும் ஒட்டும் இல்லை உறவும் இல்லை. பார்ப்பதற்கு மஞ்சள் பேரிபோல இருக்கும். கிரீட் தீவின் கிடோனியா நகரை வைத்துக் கிரேக்கர் அதை ‘கிடோனிய ஆப்பிள்’ என்றார்கள். மணமகள் முதலிரவுக்கு முன் க்வின்ஸ் கடிக்க வேண்டும் என்று சோலன் விதித்ததாகப் புளூட்டார்க் எழுதுகிறார். பச்சையாகக் கடித்தால் நாக்கு வறண்டு ஒட்டிக்கொள்ளும் துவர்ப்பு. அந்த மணமகள்மீது எனக்கு இரக்கம்தான். சாலடுக்கு வேகவைத்துத் தேனில் ஊறவிட்டே சேர்க்க வேண்டும். கிடைக்காவிட்டால் விட்டுவிடலாம், ஒன்றும் குறையாது.

சர்க்கரை, தேன், காடி

சர்க்கரை போடவே கூடாது. கி.மு. 326 வாக்கில் இந்தியாவுக்கு வந்த அலெக்சாந்தரின் படையோடு இருந்த நியார்க்கஸ், தேனீ இல்லாமலே தேன் தரும் நாணல் இங்கே இருப்பதாகக் குறித்துவைத்தார். கரும்பு அவர்களுக்கு அவ்வளவு புதுமை. வீட்டில் இனிப்பு என்றால் தேன்; அதிலும் ஏதென்ஸுக்கு அருகே ஹிமெட்டஸ் மலையில் தைம் என்ற மணச்செடியின் பூக்களில் சேர்ந்த தேன். மணமே இல்லாத சர்க்கரைப்பாகு போன்ற தேனை ஊற்றினால் இந்த சாலடுக்கு உயிர் இருக்காது. அடர்நிறமான, லேசாகக் கசக்கும் மலைத்தேன் கிடைத்தால் அதை எடுங்கள்.

ஆனால் வெறும் தேனோடு நிறுத்துவதும் பிழைதான். என் கருத்தில் இந்த சாலடில் நடக்கும் ஆகப் பெரிய பிழை அதுவே. கிரேக்கச் சுவையின் சூட்சுமம் தேனும் காடியும் (வினிகர்) சேர்வதில் இருக்கிறது. ‘ஆக்ஸிமெல்’ என்ற அந்தக் கலவையைப் பண்டைக் கிரேக்க மருத்துவர் ஹிப்போகிரட்டீஸ் பெயரில் வழங்கும் மருத்துவ நூல்கள் நோயாளிக்குக் கொடுக்கச் சொல்கின்றன. இரண்டு மேசைக்கரண்டி தேன், ஒரு மேசைக்கரண்டி திராட்சைக் காடி, சிட்டிகை உப்பு. மிதமான தீயில் இரண்டு நிமிடம் சூடாக்கி ஆறவிட்டால் போதும். வெள்ளைச் செயற்கை வினிகர் வேண்டாம், தொண்டையைக் கமறவைக்கும். நறுக்கிய ஆப்பிள் பழுப்பேறாமல் இருக்க நாம் எலுமிச்சை பிழிகிறோமே, அந்த வேலையையும் காடியின் புளிப்பு பார்த்துக்கொள்ளும்.

என் முதல் கிண்ணம் ஏன் குளமானது என்பதற்கு வருகிறேன். தேன் அடர்த்தியான சர்க்கரைக் கரைசல்; நறுக்கிய பழத்தின் மேல் பட்டதும் பழத்துக்குள் இருக்கும் நீரை வெளியே இழுக்கிறது. ஊறுகாய்க்கு மாங்காயில் உப்புப் போட்டால் தண்ணீர் விடுவது இதே காரணத்தால்தான். எனவே நறுக்கிய ஆப்பிளையும் பேரியையும் மட்டும் ஒரு கரண்டி காடியில் புரட்டி வைத்துக்கொண்டு, தேன் கலவையைப் பரிமாறுவதற்கு ஐந்து நிமிடம் முன்பு ஊற்றுங்கள். ஒரு வயது நிரம்பாத குழந்தைக்குத் தேன் கொடுக்கக் கூடாது என்பதையும் விருந்து மும்முரத்தில் மறந்துவிடாதீர்கள்.

திராட்சைப் பாகு காய்ச்சும் பாத்திரம்

தேனுக்குப் பதிலாகவோ துணையாகவோ திராட்சைச் சாற்றைச் சுண்டக் காய்ச்சிய பாகையும் கிரேக்கர் பயன்படுத்தினார்கள். இன்றைய கிரீஸிலும் ‘பெட்டிமெசி’ என்ற பெயரில் அது விற்கிறது. நம்மிடம் பன்னீர் திராட்சை இருக்கும்போது கவலை ஏன்? கசக்கி, துணியில் வடிகட்டி, மூன்றில் ஒரு பங்காகும்வரை காய்ச்சினால் கரண்டியில் ஒட்டும் கருஞ்சிவப்புப் பாகு கிடைக்கும். பாட்டிலில் வரும் இனிப்பூட்டிய திராட்சைப் பானத்தைக் காய்ச்சினால் வெறும் சர்க்கரைப்பாகுதான் மிஞ்சும்.

பழமையின் ஆசையில் பித்தளை உருளியை எடுத்துவிட வேண்டாம். ஈயம் பூசாத பித்தளையிலும் செம்பிலும் புளிப்பு பட்டால் உலோகம் கரைந்து இறங்கும். ரோமானியர் இந்தப் பாகைக் காரீயப் பாத்திரத்தில் காய்ச்சி, நஞ்சையும் சேர்த்தே உண்டார்கள். நாம் பாத்திரத்துக்குப் பூசுவது வெள்ளீயம், அவர்களுடையது காரீயம். இந்த ஓரிடத்தில் மட்டும் பழமையைக் கைவிட்டு எவர்சில்வரில் காய்ச்சுங்கள்.

மேலே தூவுவன

பட்டைத் தூள் தூவுவது பலருக்கும் அனிச்சையாக வருகிறது. பட்டை கிரேக்கரிடம் இருந்தது. ஆனால் சமையலைவிடத் தூபத்துக்கும் நறுமணத் தைலத்துக்கும்தான் போனது. பெரும்பறவைகளின் கூட்டிலிருந்து அதைத் திருடி எடுக்கிறார்கள் என்று கிரேக்க வரலாற்றாசிரியர் ஹெரோடோட்டஸ் கதை சொல்லும் அளவுக்கு அரிய பொருள். மிளகும் தொடக்கத்தில் மருந்துப் பெட்டியில்தான் இருந்தது. யவனர் மரக்கலங்கள் ‘பொன்னொடு வந்து கறியொடு பெயரும்’ முசிறியை அகநானூறு பாடுவது பிற்காலத்து வணிகத்தை. அந்தக் கறி, அதாவது மிளகு, இரண்டு சிட்டிகை போட்டால் உங்கள் சாலட் பிளேட்டோவின் ஏதென்ஸிலிருந்து ரோமானியர் காலத்துக்கு நகர்ந்துவிடும். நான் போடுவேன். முசிறிப் பாட்டைப் படித்தபின் போடாமல் இருக்க மனம் வரவில்லை.

தயிர் விஷயத்தில் ‘கிரீக் யோகர்ட்’ என்ற கடைப்பெயரைப் பழமைச் சான்றாக எடுத்துக்கொள்ள வேண்டாம். ‘ஆக்ஸிகாலா’, அதாவது புளித்த பால், பண்டைக் காலத்தில் இருந்தது. ஆனால் பழமே தெரியாதபடி தயிரில் முக்கினால் அது தயிர்ப் பச்சடி; கேட்பவருக்குத் தனியே ஒரு கரண்டி வையுங்கள். பாலாடைக்கட்டி சேர்ப்பதானால் உப்பு நீரில் ஊறிய கட்டியைவிட, கெட்டியான ஆட்டுப்பால் கட்டியைத் துருவுவது பொருந்தும். ‘இலியட்’டில் மதுவின் மேல் ஆட்டுப்பால் கட்டியை வெண்கலத் துருவியால் துருவும் காட்சி இருக்கிறது.

பாதாமை வறுத்து, கடைசியில் தூவ வேண்டும். முன்பே போட்டால் நமத்துப்போகும். மாதுளை முத்துகளும் கடைசியில்தான். புதினாவை எண்ணி நாலு இலைக்குமேல் கிள்ளிப் போடாதீர்கள். அது மிந்தே என்ற நங்கை. பாதாள மன்னன் ஹேடீஸின் காதலியாக இருந்ததால் அவன் மனைவி பெர்சஃபனி அவளை மிதித்துச் செடியாக்கினாள் என்பது கதை. அந்தப் பெர்சஃபனியைப் பாதாளத்தில் கட்டிப்போட்டதோ மாதுளை முத்து. இருவரையும் ஒரே கிண்ணத்தில் விடுகிறோம், அளவோடு இருப்பது நல்லது.

எப்போது பரிமாறுவது?

இரண்டாம் மேசையில் வைப்பதே மரபு. பெர்கமம் நகரத்து மருத்துவர் கேலன் மட்டும் பழங்களைச் சந்தேகத்தோடுதான் பார்த்தார். இளமையில் அளவின்றிப் பழம் தின்று நோயில் விழுந்ததைத் தானே எழுதியிருக்கிறார்; பின்னாளில் நன்கு பழுத்த அத்தியையும் திராட்சையையும் தவிர மற்றப் புதுப் பழங்களை ஒதுக்கிவிட்டார். குளிர்பெட்டியிலிருந்து எடுத்தவுடன் பரிமாறாமல் கால் மணி வெளியே வைத்தால் அத்தியின் மணமும் தேனின் மணமும் எழும்.

மிஞ்சியது மறுநாளைக்கு சாலடாக இருக்காது. கிண்ணத்தில் தேங்கிய சாற்றோடு அப்படியே வாணலியில் இட்டுச் சுண்டவைத்துவிடுங்கள். காலையில் பார்லிக் கஞ்சியின் மேல் ஊற்றிக்கொள்ளலாம்.