வீட்டுக் கடன்: தவணையை மட்டும் பார்த்தால் போதாது

கடன் வாங்கும்போது எல்லோரும் கேட்பது மாதத் தவணை எவ்வளவு என்றுதான். தவணையை மொத்த மாதங்களால் பெருக்கிப் பாருங்கள், கடனின் உண்மையான விலை தெரியும்.

வட்டி 9 சதவீதம், காலம் 20 ஆண்டு என்றால், வாங்கிய ஒவ்வொரு 100-க்கும் சுமார் 216 திருப்பிக் கட்டுகிறோம். அதையே 30 ஆண்டாக நீட்டினால் தவணை 11 சதவீதம் போலத்தான் குறையும். கட்டும் மொத்தமோ 290-ஐத் தொட்டுவிடும். இந்தச் சலுகை வேண்டவே வேண்டாம் என்பேன்.

அப்புறம், தவணை அட்டவணையைக் கேட்டு வாங்கிப் பாருங்கள். 20 ஆண்டுக் கடனில் முதல் தவணையின் 83 சதவீதம் வட்டிக்கே போய்விடும். அசலில் பாதி அடைபட 14 ஆண்டுகள் ஆகும்! அதனால் கையில் காசு வந்தால் தொடக்க ஆண்டுகளிலேயே அசலில் கட்டுங்கள். ஆண்டுக்கு ஒரு தவணை கூடுதலாகக் கட்டினாலே மூன்று ஆண்டுகளுக்கு மேல் மிச்சம். முன்கூட்டிக் கட்ட அபராதம் உண்டா என்பதை மட்டும் முதலில் கேட்டுக்கொள்ளுங்கள். கட்டும்போது, "தவணையைக் குறைக்க வேண்டாம், காலத்தைக் குறையுங்கள்" என்று எழுதிக் கொடுங்கள்.

மாறும் வட்டி என்றால், வட்டி ஏறும்போது தவணையைத் தொடாமல் காலத்தைச் சத்தமில்லாமல் நீட்டிவிடுவதும் உண்டு. ஆண்டுக்கொரு முறை மீதி மாதங்களைச் சரிபார்த்துவிடுங்கள்.