கதைக்குள் ஒரு மாய மதுமரபு: நொதித்தலை வைத்து மந்திரம் அமைப்பது எப்படி?

கற்பனைக் கதைகளில் மாய மது பெரும்பாலும் ஒரே மாதிரிதான் தயாராகிறது. கொதிக்கும் அண்டா, அரிய மூலிகை, ஒரு மந்திரம், உடனே பலன். அது சமையல், நொதித்தல் இல்லை. நொதித்தலில் செய்பவர் கையை எடுத்த பிறகுதான் வேலையே தொடங்கும். கதையோ விளையாட்டோ, முதன்முறை இப்படி ஒரு மரபை உருவாக்குபவர்கள் கீழே உள்ள வரிசையிலேயே போகலாம்.

படி 1: மந்திரம் இல்லாமல் ஒரு ஜாடி

முதலில் ஒரு சாதாரணத் தேன் மதுவைத் தாளில் தயாரித்துப் பாருங்கள். 1 கிலோ தேன், மொத்தம் 4 லிட்டர் வரும் அளவுக்குத் தண்ணீர், கொஞ்சம் ஈஸ்ட் (சர்க்கரையை ஆல்கஹாலாக்கும் நுண்ணுயிர்). தேனில் ஏறக்குறைய 80 சதவீதம் சர்க்கரை, ஆக 800 கிராம். அதில் பாதிக்குச் சற்று மேல் ஆல்கஹாலாகும், மீதி கரியமில வாயுவாகப் போகும். முழுக்க நொதித்தால் 10, 11 சதவீத ஆல்கஹால் கிடைக்கும். வெளியேறும் வாயு 400 கிராமுக்குச் சற்றுக் குறைவு, அதாவது சுமார் 200 லிட்டர்.

இந்த 200 லிட்டரைக் கவனியுங்கள். மூடியை இறுக்கினால் ஜாடி வெடித்துவிடும். இந்த வாயு காற்றைவிடக் கனமானது என்பதால், காற்றோட்டமில்லாத நிலவறையில் பல ஜாடிகள் இருந்தால் தரையோடு தேங்கும். கீழே இறக்கிய விளக்கு அணையும், குனிந்தவர் மயங்குவார், உயிரும் போகலாம். 'நிலவறையில் ஏதோ ஒன்று மூச்சைப் பறிக்கிறது' என்று உங்கள் உலகத்து மக்கள் நம்ப இதுவே போதும். பேயைத் தனியாகக் கண்டுபிடிக்க வேண்டியதில்லை.

படி 2: கண்ணுக்குத் தெரியாத இடத்தில் மந்திரத்தை வையுங்கள்

ஜெர்மனியின் பவேரியாவில் 1516-இல் வந்த பீர் சட்டம் பார்லி, ஹாப்ஸ் (பீருக்குக் கசப்பு தரும் பூ), தண்ணீர் என்று மூன்றையே அனுமதித்தது. ஈஸ்ட் அந்தப் பட்டியலில் இல்லை. 1680-இல் டச்சு ஆய்வாளர் லீவன்ஹூக் நுண்ணோக்கியில் ஈஸ்டைப் பார்த்தார், ஆனால் அது உயிருள்ளது என்று அவருக்குத் தெரியவில்லை. நொதித்தல் நுண்ணுயிர்களின் வேலை என்பதை நிலைநாட்டும் ஆய்வுகளை பிரெஞ்சு விஞ்ஞானி பாஸ்டர் 1857-இலிருந்துதான் வெளியிட்டார். அதுவரை ஈஸ்ட் நிறைந்த நுரையும் அடியில் படியும் வண்டலும் காரணம் தெரியாமலேயே கைமாறின. மாயத்துக்குச் சரியான இடம் அந்த இடைவெளிதான். மூலிகையில் வைத்தால் யாரும் பறித்து வந்து காய்ச்சிவிடுவார்கள். வண்டலில் வைத்தால் அதைப் பேண வேண்டும், பங்கிட வேண்டும், களவு போகாமல் காக்க வேண்டும்.

எடுத்துக்காட்டுக்கு ஒரு மரபு. மது காய்ச்சுபவள் தன் நினைவு ஒன்றை ஜாடிக்குள் மெல்லச் சொல்கிறாள். வண்டல் அதைத் தின்கிறது. குடிப்பவருக்கு அந்த நினைவு கிடைக்கிறது, அவளுக்கு அது இல்லாமல் போகிறது.

படி 3: நாட்களோடு சேருங்கள்

18 முதல் 24 டிகிரி வெப்பத்தில் ஓரிரு நாளில் குமிழி வரும். நினைவைச் சொல்ல வேண்டியது அதற்கு முன்பே. அடுத்து வருவது கொந்தளிப்பு, முதல் வாரம் முழுக்கச் சத்தம் கேட்கும். அந்த வாரம் ஜாடியருகே யாரும் பேசக்கூடாது என்று ஒரு விலக்கு வைக்கலாம். பிறகு வேகம் தணியும், வண்டல் படியும், சில வாரங்களில் மது தெளியும். தெளியாத மதுவைக் குடித்தவனுக்கு நினைவும் கலங்கலாகத்தான் வரும்.

படி 4: எல்லை

ஈஸ்ட் தான் உண்டாக்கும் ஆல்கஹாலிலேயே மடியும். வகையைப் பொறுத்து 14 முதல் 18 சதவீதத்தில் பெரும்பாலானவை நின்றுவிடும். எவ்வளவு தேன் கூட்டினாலும் அதற்கு மேல் இனிப்புதான் மிஞ்சும், வீரியம் ஏறாது. அளவில்லாத மந்திரம் கதையைக் கெடுக்கும் என்பதால், தானாக வரும் இந்த வரம்பைத் தூக்கி எறியாதீர்கள்.

படி 5: கெட்டுப்போகும் விதங்கள்

புதியவர்கள் அவசரமாகத் தாண்டிப்போவது இந்தப் படியைத்தான். மரபு உண்மையாகத் தெரிவதோ இங்கேதான். ஒவ்வொரு பிழைக்கும் ஒரு காரணம், ஒரு விளைவு வேண்டும்.

காற்று தொடர்ந்து பட்டால் அசெட்டிக் பாக்டீரியா ஆல்கஹாலை வினிகராக்கும். கதையில், வாயில் கட்டிய துணி விலகிய ஜாடியின் நினைவு கசப்பாக மாறும். நடந்தது அதேதான், ஆனால் குடிப்பவர் அதை வெறுப்போடு நினைவுகூர்வார்.

அழுகிய முட்டை நாற்றம் வந்தால் ஈஸ்ட் பட்டினி என்று பொருள். தேனில் நைட்ரஜன் மிகக் குறைவு, அது போதாதபோது ஹைட்ரஜன் சல்ஃபைடு வெளிவரும். கதையில் இது பொய் நினைவின் அடையாளமாகட்டும். நடக்காததைச் சொன்னால் வண்டலுக்குத் தின்ன ஒன்றுமில்லை. மூக்கே சாட்சி சொல்லும், தனியாக ஒரு சோதனை மந்திரம் வேண்டாம்.

50 டிகிரிக்கு மேல் சூடான நீரில் கலந்தால் ஈஸ்ட் செத்துவிடும். குளிரில் பாதியில் நின்றால் அரை நினைவு: முகம் இருக்கும், பெயர் இருக்காது.

படி 6: வாரிசுரிமை

நார்வேயின் மேற்குப் பகுதிப் பண்ணைகளில் க்வைக் என்ற ஈஸ்ட் குடும்பம் குடும்பமாகக் காக்கப்பட்டது. பல கண்ணிகள் கோத்த மரவளையத்தை நுரையில் தோய்த்து உலர்த்தி மாட்டிவைப்பார்கள். அடுத்த முறை அந்த வளையத்தைப் புதுக் கரைசலில் போட்டால் ஈஸ்ட் மறுபடி எழும். உங்கள் மரபுக்கும் இப்படி ஒரு பொருளைக் கொடுங்கள். மரவளையமோ துணியோ, கையில் பிடிக்கக்கூடியதாக இருக்கட்டும். இரண்டு வீடுகளில் தனித்தனியாக வளரும் வண்டல் காலப்போக்கில் வேறுபடும். 'உங்கள் வீட்டு மதுவில் துக்கம் தங்காது' என்ற பேச்சும் பகையும் அங்கிருந்து பிறக்கும்.

படி 7: அந்த உலகத்துக் குறிப்பு

கடைசியாக, மது காய்ச்சுபவள் தன் மகளுக்குச் சொல்வதுபோல் சில வரிகள் எழுதுங்கள்:

"தண்ணி கை பொறுக்கற சூட்டுக்கு ஆறட்டும், அப்புறம் வளையத்தை இறக்கு. சொல்றதை ஒருதடவைதான் சொல்லணும். துணியைக் கட்டு, இறுக்கி மூடிடாதே. முட்டை நாத்தம் வந்தா என்கிட்ட வா, நீ என்ன சொன்னேன்னு நான் கேக்க மாட்டேன்."

இதில் மந்திர வரிகளை அடித்துவிட்டு மீதியைப் படியுங்கள். மிஞ்சிய வரிகளை வைத்தே ஒரு ஜாடி மது நொதிக்க வேண்டும். நொதிக்காது என்று தோன்றினால், படி 1-இன் கணக்குக்குத் திரும்பிப் போய் விடுபட்டதைச் சேருங்கள்.