ஏர்கானை அணைக்காதீர்கள்: ஒயினும் ஆவணப்படமும் சேரும்போது நேரும் தவறுகள்

சிங்கப்பூரின் யீஷூனில், வீவக (அரசு அடுக்குமாடி) வீட்டில் திராட்சை ஒயின் போட்டு, அதையே ஆவணப்படமாகவும் எடுக்கிற தம்பி ஒருவர், போன மாதம் தன் ரஃப் கட்டை, அதாவது படத்தின் முதல் தொகுப்பைக் காட்டினார். பத்து நிமிடத்திலேயே எனக்கு வயிற்றைப் பிசைந்தது. அத்தனையும் நான் செய்த தவறுகள். கழுவாத பாட்டில், ஃபோகஸ் தப்பிய ஷாட் எல்லாம் ஒருமுறை பட்டால் தானே புரிந்துவிடும். அவற்றை விட்டுவிடுகிறேன்.

ஒலிக்காக ஏர்கானை அணைப்பது

இங்கே பகலில் வீட்டுக்குள் 30 டிகிரி சாதாரணம். ஈஸ்ட் சர்க்கரையைத் தின்னும்போது தன் பங்குக்கும் சூடு கிளப்பும். ஜாடி அறையைவிடச் சூடாகத்தான் இருக்கும். மணமுள்ள திராட்சை 20 டிகிரிக்குக் கீழே நொதித்தால் வாசம் தங்கும். 30ஐத் தாண்டினால் வாசம் கரியமில வாயுவோடு பறந்துவிடும். ஈஸ்டும் தளர்ந்து சர்க்கரையை மிச்சம் வைத்துவிடும். அதனால்தான் ஏர்கான் அறை. ஆனால் மைக்கைத் திறந்ததும் அதன் உறுமல் காதைக் குடையும்.

அம்மாவின் பேட்டிக்காக அரை மணி நேரம்தானே என்று அணைத்தேன். தேக்கா சந்தையில் பேரம் பேசியதில் தொடங்கி அவர் இரண்டு மணி நேரம் பேசினார். போதாததற்கு இரண்டு விளக்குகளின் சூடு. பேட்டி முடிந்ததும் ஏர்கானைத் திரும்பப் போட மறந்து சாப்பிடப் போய்விட்டோம். மறுநாள் காலை ஜாடியில் 34 டிகிரி. அதற்கடுத்த நாள் அழுகிய முட்டை நாற்றம், குமிழியும் நின்றுவிட்டது. 20 லிட்டரையும் கொட்டினேன். ஆறு வருடமாகியும் மனம் ஆறவில்லை.

ஒயின் போனது மட்டுமல்ல, அந்தப் பேட்டியில் இந்த ஊரும் இல்லை. அவ்வளவு அமைதியான அறை எந்த நாட்டிலும் இருக்கலாம். ஒயினில் தெரியும் ஊரின் தன்மையை நிலவாசம் என்பார்கள்; ஏர்கான் ஓடினால்தான் ஒயின் பிழைக்கும் என்பதுதானே இங்கத்திய நிலவாசம்! அது கேட்கட்டும். காலர் மைக்கை நெஞ்சோடு ஒட்டி மாட்டுங்கள், பேசுபவரைக் காற்று வீசும் திசையிலிருந்து தள்ளி உட்கார வையுங்கள், வெறும் ஏர்கான் சத்தத்தைத் தனியாக ஒரு நிமிடம் பதிந்து வையுங்கள். எடிட்டிங்கில் அது கைகொடுக்கும். அணைத்தே ஆகவேண்டுமா? வீட்டுச் சாவியை ஜாடியின் கழுத்தில் மாட்டிவிடுங்கள், கிளம்பும்போது ஏர்கான் ஞாபகம் வரும். ஃபிரிட்ஜை அணைக்கும் ஒலிப்பதிவாளர்கள் கார் சாவியை அதற்குள்ளேயே வைப்பார்கள், அதே உபாயம்தான்.

விற்பது

கூடாது. இங்கத்திய சட்டப்படி வீட்டுக்கு மாதம் 30 லிட்டர் வரை, சொந்த உபயோகத்துக்கு மட்டும். காய்ச்சி வடிப்பதும் கூடாது.

ஒலியிலிருந்து குயிலின் குரலை வெட்டுவது

வேண்டாம். விடிகாலை ஐந்து மணிக்கு நம் புளோக்குகளுக்கிடையே கத்துவது அதுதான்.

திராட்சைக்கு ஊர் மாற்றுவது

தம்பியின் படம் மரினா பே காட்சியில் தொடங்குகிறது. திராட்சையோ இங்கே விளைந்ததல்ல. குளிர்நாட்டுக் கொடி குளிர்காலத்தில் உறங்கி எழுந்து காய்க்கும். இங்கே அந்த உறக்கமே கிடையாது. தேனி மாவட்டத்துக் கம்பம் பள்ளத்தாக்கிலும் குளிர்காலம் இல்லைதான். அங்கே கவாத்து செய்தே, அதாவது கிளைகளை வெட்டியே, கொடியை எழுப்புகிறார்கள். தோட்டத்துக்குத் தோட்டம் கவாத்து நாள் மாறுவதால் வருடம் முழுக்க அறுவடை. 2023ல் புவிசார் குறியீடு பெற்ற பன்னீர் திராட்சை அந்த மண்ணுடையது. அங்கே போய்ப் படமெடுத்த பிறகுதான் எனக்கு உறைத்தது: விளைந்த ஊர் ஒன்று, நொதித்த ஊர் வேறு. படத்தில் இரண்டுக்கும் இடம் வேண்டும்.

எந்தத் தோட்டத்துப் பெட்டி என்று கடைக்காரரிடம் தம்பி இதுவரை கேட்டதே இல்லையாம். அடுத்த வாரம் தேக்காவுக்குக் கேமராவோடு போகிறார். லாரியிலிருந்து பெட்டி இறங்கும் நேரத்துக்கே போய்விடச் சொல்லியிருக்கிறேன்.