டிராலி குலுங்காமல் ஓட

படப்பிடிப்பில் கேமராவை ஏற்றித் தள்ளும் டிராலி வண்டிக்கு டிராக், அதாவது தண்டவாளம், போடும்போது பலர் கைக்குக் கிடைத்த முனையிலிருந்து தொடங்கிவிடுவார்கள், அப்புறம் நடுவில் ஒரு மேடு வந்து எல்லாவற்றையும் பிரிக்க வேண்டியதாகிவிடும். தரையில் எந்த இடம் உயரமோ அங்கிருந்து ஆரம்பியுங்கள். பள்ளத்தைக் கட்டையும் ஆப்பும் வைத்து ஏற்றலாம், மேட்டை இறக்க முடியாது. ரசமட்டத்தை நீளவாக்கில் மட்டுமல்ல, இரண்டு தண்டவாளத்துக்கும் குறுக்கேயும் வைத்துப் பாருங்கள். இணைப்புகளை விரலால் தடவுங்கள். நகம் தட்டினால் கேமராவும் குலுங்கும். கீச்சொலி வந்தால் கொஞ்சம் டால்கம் பவுடர் தூவினால் போதும், லைவ் சவுண்டு எடுப்பவர் உங்களைக் கும்பிடுவார். கேமரா ஏற்றுவதற்கு முன் ஓர் ஆளை உட்காரவைத்துத் தள்ளிப் பாருங்கள், ஆப்பு நழுவுவது எடை ஏறினால்தான் தெரியும். சரி, டிராலி நிற்கவேண்டிய இடத்தில் டேப் ஒட்டியாச்சா?