பொலன்னறுவைக்கு ஒருநாள்: சிறு குழுவாகப் போவோர் முன்கூட்டியே பேசி முடிக்க வேண்டியவை

விடுமுறைக்கு வந்து மட்டக்களப்பிலோ திருகோணமலையிலோ உறவினர் வீட்டில் தங்கியிருப்பவர்கள், காலையில் புறப்பட்டு இரவுச் சாப்பாட்டுக்குத் திரும்பிவிடக்கூடிய பழந்தலைநகர் பொலன்னறுவை. வழிகாட்டியோடு போகும் ஒருநாள் பயணங்கள் நிறையவே கிடைக்கின்றன. ஆனால் அவற்றின் வழமையான பாதை அரண்மனை, வட்டதாகே என்ற வட்ட வடிவப் பௌத்தக் கட்டடம், பாறையில் புத்தர் சிலைகள் செதுக்கிய கல் விகாரை என்ற மூன்றையும் சுற்றியே அமைந்தது. தமிழர் தேடிப் போகும் சோழர் கோயிலுக்குப் பத்து நிமிடம் கிடைத்தாலே பெரிது. சிலர் வானை நிறுத்தாமலே கையைக் காட்டிவிட்டுப் போய்விடுவார்கள். எங்கே எவ்வளவு நேரம் நிற்பது என்பதை முற்பணம் கொடுக்கும்போதே பேசி முடித்துவிட வேண்டும். தொல்லிடத்துக்குள் போனபின் கேட்டால் வழிகாட்டியின் கண் கடிகாரத்தில்தான் இருக்கும்.

பிள்ளைகளுக்குச் சொல்ல வேண்டிய வரலாறு சுருக்கமானது. 993இல் முதலாம் இராசராசனின் படை அநுராதபுரத்தை வீழ்த்தியது. 1017இல் இராசேந்திரன் காலத்தில் சிங்கள மன்னன் ஐந்தாம் மகிந்தன் சிறைப்பட்டான். சோழர் பொலன்னறுவையைத் தலைநகராக்கி அதற்குச் சனநாதமங்கலம் என்று பெயரிட்டார்கள். 1070இல் சிங்கள மன்னன் முதலாம் விசயபாகு அதை மீட்டான். இன்று நாம் காணும் பெரிய கட்டடங்களில் மிகுதியானவை அதற்கு அடுத்த நூற்றாண்டில் முதலாம் பராக்கிரமபாகுவும் நிசங்கமல்லனும் எழுப்பியவை. 1982இல் யுனெஸ்கோ இந்நகரை உலக மரபுரிமைப் பட்டியலில் சேர்த்தது.

மட்டக்களப்பிலிருந்து வாழைச்சேனை, வெலிக்கந்தை, மன்னம்பிட்டி வழியாக ஏறக்குறைய நூறு கிலோமீற்றர். இரண்டு மணித்தியாலம் போதும். திருகோணமலையிலிருந்து ஹபரணை வழியாக நூற்றுமுப்பது கிலோமீற்றர் அளவில் வரும், இரண்டரை மணித்தியாலம் ஒதுக்குங்கள். யாழ்ப்பாணத்திலிருந்து ஒரே நாளில் போய்வரலாம் என்று விற்பவர்கள் உண்டு. வாங்காதீர்கள். ஒரு வழிக்கே ஐந்து மணித்தியாலம் ஆகும். நண்பகல் வெயிலில் இறங்கி, களைத்த சாரதியோடு இருட்டில் திரும்ப வேண்டியிருக்கும். யாழ்ப்பாணத்தார் ஹபரணையிலோ பொலன்னறுவையிலோ ஓர் இரவு தங்குவதே முறை. மட்டக்களப்பு – கொழும்பு ரயிலும் பொலன்னறுவையில் நிற்கும். ஆனால் நிலையம் கதுருவெலவில், தொல்லிடத்திலிருந்து சில கிலோமீற்றர் தள்ளி இருக்கிறது. இளையவர்கள் மட்டும் போவதானால் அங்கிருந்து முச்சக்கரவண்டி பிடித்துக்கொள்ளலாம். அம்மம்மாவையும் கைக்குழந்தையையும் கூட்டிக்கொண்டு அப்படிப் போகவேண்டாம்.

குழு ஆறிலிருந்து எட்டுப் பேருக்குள் இருந்தால் நல்லது. அதற்கு மேல் போனால் ஒவ்வோர் இடத்திலும் இறங்கி ஏறவே கால்மணி நேரம் போய்விடும், கல்வெட்டுக்கு முன்னால் எல்லோருக்கும் நிற்க இடமும் இராது. கேடிஎச் எனப்படும் டொயோட்டா வானில் நெருக்கி உட்கார்ந்தால் இன்னும் பலர் ஏறலாம்தான். ஆனால் பின் இருக்கைகளில் பட்டி இருக்கிறதா, இருந்தால் வேலை செய்கிறதா என்று முதல் நாளே பார்க்கச் சொல்லுங்கள். வெளிநாட்டில் குழந்தை இருக்கைக்குப் பழகியவர்கள் அதைக் கையோடு கொண்டுவந்தாலும், மாட்டுவதற்குப் பொருத்தமான பட்டி இல்லாமல் பயனில்லை.

விலை பேசும்போது கேட்க வேண்டியவை இவை: நுழைவுச்சீட்டு சேர்த்தியா, வழிகாட்டிக்குத் தனிக் காசா, எத்தனை கிலோமீற்றர் வரை இந்தத் தொகை, அதற்கு மேல் கிலோமீற்றருக்கு எவ்வளவு, சாரதியின் சாப்பாடு யாருடையது. பல வாடகை வான்காரர் நாளொன்றுக்கு நூறு கிலோமீற்றர் என்ற கணக்கில் விலை சொல்வார்கள். மட்டக்களப்பிலிருந்து போய்வருவதற்கே இருநூறு வரும். தகராறு வருவது பெரும்பாலும் இந்த இடத்தில்தான். பேசிய தொகையை வாட்ஸ்அப்பில் எழுத்தில் வாங்கி வைத்திருங்கள்.

வழிகாட்டியும் சாரதியும் ஒருவரா இருவரா என்பதையும் கேட்டுத் தெளிந்துகொள்ளுங்கள். இலங்கை சுற்றுலா அபிவிருத்தி அதிகார சபை உரிமம் கொடுக்கும் வழிகாட்டிகளில் பல வகையுண்டு: நாடு முழுவதற்குமான தேசிய வழிகாட்டி, சாரதி வழிகாட்டி, குறிப்பிட்ட பகுதிக்கோ இடத்துக்கோ மட்டுமான வழிகாட்டி. உரிமம் உள்ளவரிடம் அட்டை இருக்கும். காட்டச் சொல்வதில் கூச்சம் வேண்டாம். வெறும் சாரதி உங்களை வாசலில் இறக்கிவிட்டு மர நிழலில் காத்திருப்பார், அது அவர் குற்றமல்ல. தமிழில் விளக்கக்கூடிய வழிகாட்டிகள் குறைவு. ஒரு கிழமைக்கு முன்னரே சொல்லிவைத்தால் மட்டக்களப்பிலிருந்தோ திருகோணமலையிலிருந்தோ ஒருவரை ஒழுங்கு செய்யலாம். ஆங்கிலத்தில் சொல்பவர்தான் கிடைத்தார் என்றால், முன்பே இரண்டு கேள்வி கேட்டுப் பாருங்கள்: அந்தச் சோழர் கோயிலான இரண்டாம் இலக்கச் சிவதேவாலயத்தில் கல்வெட்டு எந்தச் சுவரில் இருக்கிறது? வேளைக்காரர் என்ற படையினரின் கல்வெட்டு எங்கே நிற்கிறது? இரண்டுக்கும் தடுமாறாமல் பதில் சொல்பவரைப் பிடித்துக்கொள்ளுங்கள்.

நுழைவுச்சீட்டு விஷயத்தில் புலம்பெயர்ந்தோர் பலர் முகம் சுளிப்பதுண்டு. இலங்கையில் பிறந்ததும், பேசும் மொழியும் இங்கே கணக்கில் வராது. கையில் இலங்கைத் தேசிய அடையாள அட்டையோ இலங்கைக் கடவுச்சீட்டோ இருந்தால் உள்நாட்டவர் கட்டணம், இல்லாவிட்டால் வெளிநாட்டவர் கட்டணம். இரட்டைக் குடியுரிமை உள்ளவர்கள் இலங்கை ஆவணத்தை மறக்காமல் எடுத்துப் போங்கள். வெளிநாட்டவர் சீட்டு அண்மைய ஆண்டுகளில் 25 முதல் 30 அமெரிக்க டொலர் அளவில் இருந்துவருகிறது. சார்க் நாட்டுக் கடவுச்சீட்டுக்குச் சலுகை உண்டு, ஆகவே தமிழ்நாட்டிலிருந்து சேர்ந்துகொள்ளும் உறவினரும் கடவுச்சீட்டைக் கையில் வைத்திருக்க வேண்டும். சீட்டு விற்பது குளக்கரைப் பக்கத்து அருங்காட்சியகத்தில், தொல்லிட வாசலில் அல்ல. இதை அறியாமல் நேரே வாசலுக்குப் போய்த் திரும்பி வருபவர்கள் நாள்தோறும் உண்டு. சீட்டை மாலை வரை எறியாதீர்கள், உள்ளே மீண்டும் கேட்பார்கள்.

இனிப் பார்க்கும் ஒழுங்கு. அருங்காட்சியகத்தை முதலில் பார்க்கச் சொல்வது வழக்கம். சிதைந்த கட்டடங்கள் முழுமையாக எப்படி இருந்திருக்கும் என்பதற்கான மாதிரியுருக்கள் அங்கே இருப்பதால் அதில் நியாயம் இருக்கிறது. ஆனால் ஆடி, ஆவணி வெயிலில் அது பொருந்தாது. கூரையுள்ள அருங்காட்சியகத்தை நண்பகலுக்கு வைத்துவிட்டு, காலைக் குளிரைச் சிதைவுகளுக்குக் கொடுங்கள். காலை ஐந்து மணிக்கு மட்டக்களப்பில் புறப்பட்டால் சீட்டு வாங்கிக்கொண்டு ஏழரைக்குள் உள்ளே போய்விடலாம்.

உள்ளே போனதும் நேரே வானவன்மாதேவி ஈஸ்வரத்துக்கு, அதாவது இரண்டாம் இலக்கச் சிவதேவாலயத்துக்குப் போகச் சொல்லுங்கள். இராசராசனின் அரசியும் இராசேந்திரனின் தாயுமான வானவன்மாதேவியின் பெயர் தாங்கிய கோயில் இது. அடி முதல் முடி வரை கல்லாலே கட்டப்பட்டதால், செங்கல் கட்டடங்கள் சரிந்துபோன இந்நகரில் விமானம் வரை முழுமையாக நிற்கிறது. சுவரில் சோழ மன்னன் அதிராசேந்திரன் காலத்துத் தமிழ்க் கல்வெட்டு உண்டு. முதலில் இங்கே வரச் சொல்வதற்குக் காரணம் வெளிச்சம். கோயில் கிழக்கு நோக்கியது. காலையில் சூரியன் தாழ்ந்திருக்கும்போது ஒளி வடக்கு, தெற்குச் சுவர்களை உரசிக்கொண்டு போகும், வெட்டெழுத்தின் பள்ளத்தில் நிழல் விழும். ஆனி முதல் ஆவணி வரை வடசுவர் இப்படித் துலங்கும், மார்கழி, தையில் தென்சுவர். பத்து மணிக்கு மேல் வெயில் உச்சிக்கு ஏறியதும் அதே எழுத்துக் கல்லோடு கல்லாக மங்கிவிடும். மர நிழல் மறைத்தால் கைவிளக்கைச் சுவரோடு ஒட்டிப் பக்கவாட்டில் பிடியுங்கள். நேரே அடித்தால் ஒன்றும் தெரியாது. எழுத்தைத் துலக்குவதற்காகச் சுண்ணக்கட்டி தேய்ப்பதும், மாவு பூசுவதும், தண்ணீர் ஊற்றுவதும் கல்லைக் கெடுக்கும், தொல்பொருள் சட்டப்படி குற்றமும் ஆகும்.

பதினோராம் நூற்றாண்டு எழுத்தைப் பிள்ளைகள் வாசித்துப் பார்க்க ஆசைப்படுவார்கள். ட, ப, ர, வ போன்றவற்றை ஓரளவு அடையாளம் காணலாம். மெய்யெழுத்துக்குப் புள்ளி பெரும்பாலும் இருக்காது, எகரமும் ஏகாரமும் ஒரே மாதிரி இருக்கும், வடசொற்கள் கிரந்தத்தில் வரும். இதைச் சொல்லிவிட்டு நாற்பது நிமிடம் விட்டால், ஒரு சொல்லையாவது பிடித்துவிடுவார்கள். கருவறையில் இலிங்கம் இருக்கிறது, வருபவர்கள் விளக்கேற்றிக் கும்பிடுவதும் உண்டு. ஆனால் இது பாதுகாக்கப்பட்ட தொல்சின்னம். கற்பூரத்தைக் கல்லின்மேல் நேரே கொளுத்தாமல், பூவோடு நிறுத்திக்கொள்வது நல்லது.

அடுத்து வட்டதாகே இருக்கும் மேட்டுச் சதுக்கம். ஒரு மணித்தியாலம் தேவை. அங்குள்ள அட்டதாகே என்ற பழைய கோயிலின் பக்கத்தில் நிற்கும் பலகைக்கல்தான் வேளைக்காரர் கல்வெட்டு. பன்னிரண்டாம் நூற்றாண்டின் முற்பகுதியில், புத்தரின் புனிதத் தந்தம் இருந்த கோயிலைக் காப்பதாக வேளைக்காரப் படையினர் தமிழில் கொடுத்த உறுதிமொழி அதில் இருக்கிறது. இந்நகரைச் சோழ – சிங்களப் போராக மட்டும் கேட்டு வளர்ந்த பிள்ளைகளுக்கு இந்தக் கல் ஒன்றே நல்ல பாடம். பக்கத்தில் எட்டு மீற்றர் நீளத்தில் கிடக்கும் கல்பொத, நிசங்கமல்லன் தன் புகழைத் தானே எழுதிவைத்த கல். சதுக்கத்துக்குத் தெற்கே சற்றுத் தள்ளி முதலாம் இலக்கச் சிவதேவாலயம். பதின்மூன்றாம் நூற்றாண்டுப் பாண்டியர் பாணி, கூரை போய்விட்டது, ஆனால் கல் பொருத்திய நேர்த்தியைப் பார்க்கவே பதினைந்து நிமிடம் நிற்கலாம். இங்குள்ள சிவாலயங்களில் கிடைத்த வெண்கலப் படிமங்கள் சில கொழும்புத் தேசிய அருங்காட்சியகத்தில் உள்ளன, சிலவற்றைப் பொலன்னறுவை அருங்காட்சியகத்தில் பார்க்கலாம்.

மற்றவற்றில் லங்காதிலக என்ற பெரிய சிலைமனையும் கல் விகாரையும் விடக்கூடாதவை. பதினான்கு மீற்றர் நீளச் சயனப் புத்தரைப் பார்க்கும்போது தலையணையில் தலை அழுந்திய பள்ளத்தைக் கவனியுங்கள். அரண்மனைக்கு அரைமணி நேரம் போதும். வடக்குக் கோடியில் இருக்கும் திவங்க சிலைமனையை, முதியவர் யாராவது களைத்திருந்தால் விட்டுவிடலாம்.

தோளும் முழங்காலும் மூடிய உடை வேண்டும். விகாரைகளிலும் சதுக்கத்தின் புனித இடங்களிலும் சப்பாத்தும் தொப்பியும் கழற்ற வேண்டும். பத்து மணிக்குப் பிறகு கல்தரையும் மணலும் காலைச் சுட்டுவிடும், ஆளுக்கு ஒரு சோடி தடித்த காலுறை கொண்டுபோங்கள். புத்தர் சிலைக்கு முதுகு காட்டிப் படம் எடுக்கக் கூடாது, உடனே சத்தம் போடுவார்கள். உடம்பில் புத்தர் உருவம் பச்சை குத்தியவர்கள் அதை மூடியே இருக்க வேண்டும். இதற்காக நாட்டைவிட்டு அனுப்பப்பட்டவர்கள் உண்டு. ட்ரோன் கொண்டு வந்திருந்தால் வீட்டிலேயே வையுங்கள், அனுமதி இல்லாமல் பறக்கவிட்டால் பறிபோகும். குரங்குகள் பையின் சிப்பைத் திறக்கத் தெரிந்தவை, சாப்பாட்டை வானுக்குள் வையுங்கள், கண்ணாடியையும் மூடுங்கள்.

ஆளுக்கு இரண்டு லீட்டர் தண்ணீர் வேண்டும். மலசலகூடம் எல்லா இடத்திலும் இல்லை என்பதால் அருங்காட்சியகத்தில் போய்விட்டே உள்ளே நுழையுங்கள். கல் விகாரைப் பக்கம் கடைகள் உண்டு, செவ்விளநீர் கிடைக்கும், நூறு, ஐந்நூறு ரூபாய்த் தாள்கள் கையில் இருக்கட்டும். மதியச் சாப்பாட்டுக்கு மரக்கறி என்று மட்டும் சொன்னால் போதாது. சம்பலிலும் சுண்டலிலும் சிலவேளை பருப்பிலும் மாசிக்கருவாடு சேர்ப்பது இப்பக்க வழக்கம். சைவக்காரர் “மாசியும் வேண்டாம்” என்று தனியாகச் சொல்ல வேண்டும், அதுவும் சமைக்கும் முன்பே தொலைபேசியில் சொன்னால்தான் நடக்கும்.

ஐப்பசிக் கடைசியிலிருந்து தை வரை இங்கே வடகீழ்ப் பருவமழைக் காலம். போவதானால் குடையோடு, செங்கல் தரையில் வழுக்காத செருப்பும் வேண்டும். திருகோணமலைக்குத் திரும்புபவர்கள் நான்கரைக்குள் வண்டியை எடுத்துவிடுங்கள். மின்னேரியா – ஹபரணை வீதியில் பொழுது சாயும் நேரம் யானைகள் இறங்கும். வீதியில் யானை நின்றால் தூரத்திலேயே நிறுத்தி, ஹோர்ன் அடிக்காமல், விளக்கை மினுக்காமல் அது விலகும் வரை காத்திருக்கும்படி சாரதியிடம் சொல்லுங்கள். பழம் எறிந்து படம் எடுக்க வானை நெருக்கச் சொல்லும் உறவினர் எப்படியும் ஒருவர் இருப்பார். அவரை நடு இருக்கையில் உட்கார வையுங்கள்.