மாத்திரை எண்ணுவது எப்படி, எங்கே எண்ணக் கூடாது

காய்ச்சலுக்குப் போடுகிற மாத்திரையும் இலக்கணத்தில் வருகிற மாத்திரையும் ஒரே சொல்தான். வடமொழியில் 'மா' என்ற வேருக்கு அளத்தல் என்று பொருள். அதிலிருந்து பிறந்த 'மாத்ரா' தமிழில் மாத்திரை ஆகி, அளந்து கொடுக்கிற மருந்துக்கும் எழுத்தை ஒலிக்கிற நேர அளவுக்கும் பெயராக ஒட்டிக்கொண்டது. எவ்வளவு நேரம் ஒரு மாத்திரை? கண்ணிமைக்கும் நேரம், அல்லது விரல் நொடிக்கும் நேரம் என்கிறது தொல்காப்பியம். (அந்த நொடி விரல் சொடுக்குதான், கடிகாரத்தைப் பார்க்காதீர்கள்.)

கணக்கு சுலபம். குறிலுக்கு 1, நெடிலுக்கு 2, மெய்க்கும் ஆய்தத்துக்கும் அரை. உயிர்மெய்யில் இருக்கிற மெய்க்குத் தனியாக அரை கூட்டக் கூடாது, பலரும் சறுக்குகிற இடம் இது. 'மி' ஒன்றுதான், ஒன்றரை இல்லை. ஆக 'தமிழ்' 1+1+½, மொத்தம் இரண்டரை. 'அம்மா' மூன்றரை.

அப்புறம் குறுக்கங்கள், அதாவது சில எழுத்துகள் சில இடங்களில் தம் அளவிலிருந்து குறைந்து ஒலிப்பது. 'பசு' என்பதில் தனிக்குறிலை அடுத்து வருவதால் 'சு' முழுசாக 1. 'காசு' என்பதில் அதே 'சு' குற்றியலுகரம் (குறுகிய உகரம்), அரைதான். 'தலை' என்பதன் 'லை' நெடில் மாதிரித் தெரிந்தாலும் அங்கே ஐகாரம் குறுகி 1 ஆகிவிடும்.

சரி, இதை வைத்துக்கொண்டு வெண்பா எழுத உட்காராதீர்கள். நான் ஒருமுறை அடிக்கு அடி மாத்திரையைக் கூட்டிக் கூட்டி ஒரு மாலை முழுக்க வீணடித்திருக்கிறேன். வெண்பாவுக்கு வேண்டியது அசை, அதாவது எழுத்துகள் சேர்ந்து ஒலிக்கிற துண்டு: ஒரு குறிலோ நெடிலோ தனியாகவோ மெய்யோடோ வந்தால் நேர், குறிலை அடுத்துக் குறிலோ நெடிலோ சேர்ந்து வந்தால் நிரை. யாப்பு படிப்பவர்கள் மனப்பாடம் செய்யும் 'ஆழி வெள்வேல்' என்பதைப் பிரித்துப் பாருங்கள்: ஆ 2, ழி 1, வெள் ஒன்றரை, வேல் இரண்டரை, ஆனால் நான்கும் நேரசை! நிரையசைக்குக் காட்டும் 'வெறி' 2 மாத்திரைதான், அதாவது நேரசையான 'வேல்' அதைவிட நீளம். அசை பிரிக்கும்போது ஒற்றெழுத்தை (மெய்யை) கணக்கில் எடுப்பதில்லை, அதனால்தான் இந்த வேடிக்கை.

மாத்திரை நேரடியாக ஆட்சி செய்வது சந்தப் பாடல்களில். அங்கே கணக்கே வேறு, ஒற்றடுத்த குறிலும் 2 என்று நெடிலுக்குச் சமமாகப் பிடிப்பார்கள். 'கல்' இருந்த இடத்தில் 'கா' வைத்தால் தாளம் கெடாது, 'க' மட்டும் வைத்தால் இடறும். வாய்விட்டுத் தட்டிப் பார்த்தால் உடனே பிடிபடும்.

வெண்பாவிலும் மாத்திரை ஒரு வழியாக உள்ளே வரும், அளபெடையாக, அதாவது நெடிலை இன்னும் நீட்டுவதாக. 'ஓதல்' என்ற சீர் (அசைகள் சேர்ந்த பகுதி) தேமா, அதாவது நேர் நேர்; அடுத்த சீர் நேரசையில் தொடங்கினால் தளை (சீருக்கும் சீருக்கும் உள்ள இணைப்பு) தட்டும். 'ஓஒதல்' என்று நீட்டுங்கள், 'ஓ' 3 மாத்திரை ஆகும், சீர் கூவிளம் (நேர் நிரை) ஆகும், விளத்துக்கு முன் நேர் வரலாம், தளை சரியாகிவிடும்.